ரீவி பார்க்காத கிழமை

வருகிற ஞாயிற்றுக்கிழமை கிரிக்கெட் இறுதியாட்டத்தைச் சொந்த வீட்டில், சொந்தச் சாய்மனைக் கதிரையில், இரண்டு காலையும் நீட்டிப் போட்டபடி, முதல் பந்திலிருந்து கடைசிப் பந்துவரைக்கும் பார்த்தே தீருவது என்று சீவரத்தினம் தீர்மானம் எடுத்தார். எடுத்த இடம் மாட்டுக்கொட்டில். சாட்சிக்கு நின்றது ஒரு நாம்பன். அது தவிட்டு வாளியிலிருந்து முகத்தை எடுக்கவே இல்லை.

வீட்டுக்குள் போய் அந்தத் தீர்மானத்தை அறிவிக்க அவருக்கு இடம் இருக்கவில்லை. உண்மையாகவே இடம் இல்லை. ஒழுங்கையின் இரண்டு பக்கத்து வீடுகளிலுமுள்ள பெண்கள் அத்தனை பேரும் உள்ளே சப்பணம் கட்டி இருந்தார்கள். சாய்மனைக் கதிரையில் பக்கத்து வளவு மங்கையற்கரசி இருந்தா. மங்கை அக்கா ஒரு கதிரையில் இருந்தால், அதற்குள் இன்னொருவர் கைவிரலை விடவும் இடைவெளி கிடையாது. எல்லாருடைய கண்ணும் ரீவியில். எல்லாருடைய மூக்கும் சேலைத் தலைப்பில். நாடகத்தில் மாமியார் மருமகளை அழவைத்துக்கொண்டிருந்தா.

திருக்கேதீஸ்வரத்துக்கு அங்கால், வயல்வெளிக்குள் இருக்கிற சின்ன ஊர் அது. சண்டை முடிந்து திரும்பி வந்து, பற்றைகளை வெட்டி, தறப்பாள் கொட்டிலில் ஒரு மாரியைக் கழித்து, வீட்டுத்திட்டத்தில் சுவர் எழும்பி, கடைசியாகக் கரண்டும் வந்திருந்தது. கதவும் யன்னலும்தான் இன்னும் வரவில்லை. கதவு இருந்திருந்தால் சாத்தியாவது பார்த்திருப்பார் சீவரத்தினம்.

ரீவி வந்த கதை வேறு. அவருடைய மனைவி பிரேமினியின் தமையன் கனடாவிலிருந்து வந்தவர், தங்கச்சியின் வெறும் ஹோலைப் பார்த்துக் கண் கலங்கி, மன்னார் பசாருக்குப் போய்ப் பெரிய ரீவி ஒன்றை வாங்கி ஓட்டோவில் ஏற்றிக்கொண்டு வந்து இறக்கினார். கலியாணம் கட்டி இவ்வளவு காலத்துக்குப் பிறகாவது சீதனம் வந்ததே என்று சீவரத்தினம் பூரித்துப்போனார். அது தனக்கு வந்த சீதனம் இல்லை என்பது அன்று பின்னேரமே அவருக்கு விளங்கிவிட்டது. ஒழுங்கைக்கே அந்த ஒரு ரீவிதான். பின்னேரம் ஆனால் வீடு பெண்களுக்கு, மாட்டுக்கொட்டில் அவருக்கு. இரண்டுக்கும் நடுவே கதவில்லாத ஒரு யன்னலும் ஒரு முருங்கைமரமும்.

தான் அந்த நாடகத்தை ஒருநாளும் பார்ப்பதில்லை என்று அவர் கேட்டவருக்கும் சொல்லுவார், கேளாதவருக்கும் சொல்லுவார்.

இப்போது வந்த சிக்கல் இதுதான். இறுதியாட்டத்தின் இரண்டாம் பாதி நடக்கிற அதே நேரத்தில், நாடகத்தில் மருமகளின் தங்கைக்குக் கலியாணம். ஞாயிறு விசேட ஒளிபரப்பு. அதற்கென்று கூறைச்சேலையை வெய்யிலில் போட்டு எடுத்து வைத்திருக்கிறாவாம் மங்கை அக்கா. சீவரத்தினம் முதலில் நல்ல வார்த்தையாகத்தான் மனைவியிடம் கேட்டார். கலியாணத்தைப் பிறகு யாரிடமாவது கதை கேட்டு அறிந்துகொள்ளலாமே என்றார்.

பிரேமினி அரிசி அரித்துக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை.

"மட்ச்சிலை ஆர் வெண்டது எண்டு செய்தியிலை சொல்லுவினம். கலியாணத்தைச் செய்தியிலை சொல்லுவினமோ?"

சீவரத்தினம் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு வயலுக்குப் போய்விட்டார்.

விட்டுவிடலாம் என்றாலும் முடியாது. ஷிராஸிடம் வாய் விட்டாயிற்று. ஷிராஸ் விடத்தல்தீவுப் பெடியன். புத்தளத்தில் அகதியாக வளர்ந்து, ஊர் திரும்பி, மோட்டார்சைக்கிளில் மீன்பெட்டி கட்டி ஊர் ஊராக விற்கிறவன். கிரிக்கெட் என்றால் தராசைப் பாதியில் விட்டுவிட்டுக் கதைப்பான். அவனிடம் சீவரத்தினம், மட்ச்சுக்கு எங்கடை வீட்டுக்கு வா, வீட்டிலை நான் சொன்னால் சொன்னதுதான் என்று நெஞ்சை நிமிர்த்தியிருந்தார். ஷிராஸ் இறால் கொண்டு வருவதாகச் சொல்லியிருந்தான். ஒழுங்கையின் ஆண்கள் எல்லோருக்கும் அழைப்புப் போய்விட்டது. இனி மட்ச் இல்லை என்றால் மானமும் இல்லை.

இந்த நெருக்கடியில்தான் செவ்வாய்க்கிழமை பகல் டிலக்சனா என்ற, கம்பஸில் படிக்கிற பிள்ளை குடையோடு வந்து இறங்கினாள்.

மீள்குடியேறிய நாளிலிருந்து அந்த ஊரை ஆராயாத ஆள் கிடையாது. கோழி எத்தனை என்று கேட்டு ஒருவர் வந்தார். மலசலகூடத்தின் கதவு உள்ளே திறக்குமா வெளியே திறக்குமா என்று கேட்டு இன்னொருவர் வந்தார். மனம் எப்படி இருக்கிறது என்று கேட்டு வந்த பெண் ஒருத்தி, கேட்கக் கேட்கத் தானே அழத் தொடங்க, ஊர் கூடி இளநீர் வெட்டிக் கொடுத்து அவளைத் தேற்றி பஸ் ஏற்றிவிட்டது. ஆகவே இன்னொரு ஆராய்ச்சி என்றதும் எல்லோரும் வழக்கம்போல முகத்தைச் சோகமாக்கிக்கொண்டு வந்து இருந்தார்கள்.

ஆனால் டிலக்சனா கேட்டது புதுசு. ரீவி பார்ப்பது ஆட்களின் பழக்கவழக்கத்தை எப்படி மாற்றுகிறது என்பதுதான் அவளுடைய ஆராய்ச்சி. ரீவி வந்த பிறகு அயலுக்குள் போக்குவரத்து கூடினதா குறைந்ததா, சண்டை கூடினதா, உதவி கூடினதா.

சீவரத்தினம் எழும்பி நின்றுவிட்டார். இவ்வளவு காலமும் அவரிடம் யாரும் கேட்காத கேள்வி. அந்தப் பிள்ளைக்குத் தானே கதிரை போட்டார். பிறகு கொட்டினார். நாடகம் பார்த்துப் பார்த்துப் பெண்களின் குணமே மாறிவிட்டது என்றார். புட்டு நேரத்துக்கு அவிவதில்லை, அவிந்தாலும் அதில் கண்ணீர் உப்பு என்றார். சூது, வாது, தந்திரம், எல்லாம் அந்தப் பெட்டிக்குள்ளால்தான் ஊருக்குள் வருகிறது என்றார்.

"நாடகம் பார்த்தால் ஆக்கள் கெட்டுப்போவினம், பிள்ளை. எழுதிக்கொள்."

பிரேமினி தேத்தண்ணி கொண்டு வந்து வைத்துவிட்டு, அதைக் கேட்காதவள்போலப் போனாள்.

டிலக்சனாவின் திட்டம் எளிது. ஒழுங்கை ஆட்களை இரண்டாகப் பிரிக்க வேண்டும். ஒரு பகுதி வழமைபோல ரீவி பார்க்கட்டும். மற்றப் பகுதி ஒரு கிழமைக்கு, ஏழு நாளும், பார்க்கவே கூடாது. யாரில் என்ன மாற்றம் வருகிறது என்று அவள் வந்து பார்ப்பாள். ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம் என்று வைத்தால் வசதி என்று சீவரத்தினம் சொல்ல, அவள் நல்ல யோசனை அண்ணா என்றாள். ஒரேயொரு நிபந்தனை. எந்தப் பக்கம் பார்க்கக்கூடாது என்பதை ஆட்கள் விருப்பப்படி முடிவெடுக்கக்கூடாது. தற்செயலாக அமைய வேண்டும்.

அப்போது சீவரத்தினத்தின் தலைக்குள் ஒரு யோசனை வந்து விழுந்தது. எங்கேயிருந்து விழுந்தது என்பதை அவர் நாம்பனுக்குக்கூடச் சொல்லவில்லை.

"திருவுளச்சீட்டுப் போடுவம்" என்றார். "பிள்ளையாருக்கு முன்னாலை."

அது அந்த ஊரின் வழக்கம். கோடையில் விதைக்கிற சிறுபோகத்தில் கட்டுக்கரைக்குளத்துத் தண்ணீர் எல்லாருக்கும் காணாது. யாருக்கு முதல் முறை என்று வாய்க்காலடியில் தகராறு வந்தால், பிள்ளையார் கோயிலில் சீட்டு எழுதிச் சுருட்டிச் செம்பில் போட்டு, கர்ப்பூரம் கொளுத்தி எடுப்பார்கள். வந்தது வந்ததுதான். அதற்குப் பிறகு யாரும் வாய் திறப்பதில்லை. போன சிறுபோகத்தில் முன்வளவுக் கீர்த்தனன் தானே சீட்டுக் கேட்டுவிட்டு, எடுக்கும்போது பின்னுக்கு நின்றான் என்று சீவரத்தினம் போட்ட சத்தம் பிரசித்தம். சீட்டுக் கேட்டவன்தான் முதல் கை வைக்கவேண்டும், அதுதான் முறை என்று அவனுடைய கையைப் பிடித்து இழுத்துச் செம்புக்குள் விட்டவர் அவர்தான். அன்றிலிருந்து இருவருக்கும் பேச்சில்லை.

புதன்கிழமை காலை கோயிலில் ஊரே கூடிவிட்டது. தண்ணீர்ச் சீட்டுக்கு வருகிற கூட்டத்தைவிடக் கூட. சீட்டை எழுதுகிற பொறுப்பைச் சீவரத்தினமே ஏற்றுக்கொண்டார். மறைவாகப் போய் எழுதினார். ஒன்றில் ‘பார்க்கலாம்’, மற்றதில் ‘பார்க்கக்கூடாது’ என்று எழுத வேண்டும். சீவரத்தினம் இரண்டிலும் ‘பார்க்கக்கூடாது’ என்று எழுதினார். பெண்கள் எதை எடுத்தாலும் அதுதான் வரும். வந்ததும் மற்றச் சீட்டை யார் பிரிக்கப்போகிறார்கள். அது ‘பார்க்கலாம்’ என்றுதானே எல்லோரும் நினைப்பார்கள். ஒரு மட்ச்தானே, கண்டும் காணாமல் விடுங்கோ என்று பிள்ளையாரிடம் மனதுக்குள் கேட்டுக்கொண்டு செம்பைக் கொண்டு வந்து வைத்தார்.

கர்ப்பூரம் எரிந்தது. சீவரத்தினம் தொண்டையைச் செருமினார். பெண்களுக்கு முதல் மரியாதை கொடுப்பதுதான் நாகரிகம், பிரேமினி வந்து எடுக்கட்டும் என்றார். குரலில் தேன் வழிந்தது.

பிரேமினி வந்தாள். செம்பைப் பார்த்தாள். அவரைப் பார்த்தாள். கையைக் கட்டிக்கொண்டாள்.

"இஞ்சாருங்கோ, சீட்டுக் கேட்டது ஆர்?"

"ஏன், நான்தான்."

"அப்ப நீங்கள்தானே முதல் கை வைக்கவேணும். அதுதானே முறை. போன சிறுபோகத்திலை நீங்கள் சொன்னது சந்திக்கடை வரைக்கும் கேட்டது."

சீவரத்தினம், அது தண்ணீர் விஷயம், இது ரீவி விஷயம் என்று ஏதோ முணுமுணுத்தார்.

"பிள்ளையார் ஒராள்தானே" என்றா மங்கை அக்கா. "தண்ணிக்கொரு பிள்ளையார், ரீவிக்கொரு பிள்ளையாரே?"

கீர்த்தனன் முன்னுக்கு வந்து, சீவரத்தினத்தின் கையை மரியாதையாகப் பிடித்துச் செம்புக்குள் விட்டான். அவனுடைய முகத்தில் அப்படி ஒரு ஒளியை ஊர் அவனுடைய கலியாணத்தன்றும் கண்டதில்லை.

சீவரத்தினத்தின் விரல்கள் செம்புக்குள் கிடந்து துழாவின. இந்தச் சீட்டா, அந்தச் சீட்டா. எதுவானால் என்ன. வேறு சீட்டை அவர் எழுதவே இல்லையே. உண்மையைச் சொல்லிவிடலாமா என்று ஒரு நிமிஷம் யோசித்தார். பிள்ளையாருக்கு முன்னால் கள்ளச்சீட்டுப் போட்டவன் என்று பெயர் எடுத்தால், அதற்குப் பிறகு எந்த வாய்க்காலடியில் முகம் காட்டுவது. எடுத்தார். பிரித்தார். தன்னுடைய கையெழுத்தைத் தானே வாசித்தார்.

ஆண்கள் பக்கத்திலிருந்து ஒரு பெருமூச்சு வந்தது. அதில் கர்ப்பூரம் அணைந்துபோனது.

பிரேமினி மற்றச் சீட்டை எடுத்தாள். பிரிக்கவில்லை. கண்ணில் ஒற்றித் தலைப்பில் முடிந்துகொண்டாள். இதில் என்ன இருக்கும் என்றுதான் எல்லாருக்கும் தெரியுமே என்றாள். சீவரத்தினம், ஓம் ஓம், தெரியும்தானே என்று தலையை ஆட்டினார்.

அன்றைக்குத் தொடங்கியது ரீவி பார்க்காத கிழமை. முதல் பின்னேரம் ஒழுங்கையின் ஆண்கள் எல்லோரும் மதகில் வரிசையாக இருந்து சீவரத்தினத்தை முறைத்தார்கள். அடுத்த நாள் முறைத்து அலுத்துப்போய்க் கதைக்கத் தொடங்கினார்கள். கதைத்த வாக்கில் வாய்க்காலுக்குள் இறங்கிப் புல்லுச் செருக்கினார்கள். வேறு என்ன செய்வது. கீர்த்தனனும் சீவரத்தினமும் ஒரே கடகத்தின் இரண்டு பக்கத்தையும் பிடித்துச் சேறு அள்ளினார்கள். பேச்சும் வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை சீவரத்தினம் வெறுமனே இருக்கப் பொறுக்காமல் குசினிக்குள் போய்த் தேங்காய் துருவினார். ஒவ்வொரு நாளும் டிலக்சனா வந்து பார்த்துப் பூரித்தாள்.

"நம்பவே ஏலாமல் இருக்கு அண்ணா. ஆம்பிளையளிலை எவ்வளவு மாற்றம்" என்றாள்.

பெண்களில் மாற்றம் இல்லையா என்று சீவரத்தினம் ஆவலோடு கேட்டார். அவர்கள் முந்தியும் இப்படித்தான், நாடகத்தைப் பார்த்துக்கொண்டே கிடுகு பின்னி உங்கள் குசினிக்கூரையே வேய்ந்து முடித்திருக்கிறார்களே, நீங்கள் கவனிக்கவில்லையா என்று அவள் கேட்டாள். சீவரத்தினம் மேலே பார்த்தார். கூரை இருந்தது.

வேறு ஊருக்குப் போய்ப் பார்த்தால் என்ன என்று ஆண்கள் மெல்லக் கேட்டுப் பார்த்தார்கள். பிள்ளையார் அங்கேயும் இருக்கிறார் என்றா மங்கை அக்கா. றேடியோவிலாவது கேட்கலாம் என்றால், அதன் பற்றறியைப் பிரேமினி சுவர் மணிக்கூட்டுக்குப் போட்டிருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமையும் வந்தது. ஷிராஸும் வந்தான். பையில் இறால், முகத்தில் பெருநாள். முற்றத்தில் ஆண்கள் எல்லோரும் ரீவிக்கு முதுகு காட்டி நிற்பதைப் பார்த்து, ஏதோ செத்தவீடு என்று முதலில் பயந்துவிட்டான். விஷயத்தைக் கேள்விப்பட்டதும் இறால் பையோடு திரும்பப் பார்த்தான்.

பிரேமினி வாசலுக்கு வந்தாள். "ஷிராஸ் தம்பி, நீங்கள் எங்கடை சீட்டிலை இல்லைத்தானே. உள்ளுக்கு வாங்கோ."

ஷிராஸ் சீவரத்தினத்தைப் பார்த்தான். "குறை நினைக்காதேங்கோ சீவண்ணே" என்றான். செருப்பைக் கழற்றினான். மங்கை அக்கா அன்றைக்குக் கூறைச்சேலை கசங்கும் என்று சுவரோரத்து மர வாங்கிலில் நிமிர்ந்து இருந்ததால், சாய்மனைக் கதிரை வெறுமையாக இருந்தது. ஷிராஸ் அதில் இருந்தான். இரண்டு காலையும் நீட்டிப் போட்டான்.

சீவரத்தினம் முருங்கைமரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

பெண்கள் நியாயமாகத்தான் நடந்தார்கள். தாலி கட்டி முடிந்ததும், பாவம் ஷிராஸ் என்று மட்ச்சுக்கு மாற்றிவிட்டார்கள். மாற்றிய பிறகு எழும்பிப் போகவில்லை. மங்கை அக்காவுக்கு முற்றத்து ஆண்களில் இரக்கம் வந்து, வாங்கிலில் இருந்தபடியே வர்ணனை செய்தா.

"ஒருத்தன் எறிஞ்சான். மற்றவன் அடிச்சான். இப்ப எல்லாரும் ஓடுறாங்கள்."

"எவ்வளவு தூரம் போச்சுது அக்கா?" கீர்த்தனன் முதுகைத் திருப்பாமலே கேட்டான்.

"தூரம்தான். ஒருத்தன் விழுந்து படுத்திட்டான். பாவம், ஆரோ பெத்த பிள்ளை."

"பிடிச்சிட்டானோ?"

"எதை?"

"பந்தை."

"அதை ஆர் பார்த்தது. அவன்ரை முழங்கால் உரஞ்சிப்போச்சு."

சீவரத்தினத்துக்குத் தலை வெடித்தது. எந்தப் பக்கம் அடிக்கிறது என்று கத்தினார்.

"நீலச்சட்டை."

"ரெண்டு பக்கமும் நீலச்சட்டைதானே அக்கா!"

"ஓம் தம்பி. நல்ல நிறம்."

ஷிராஸிடம் கேட்டுப் பார்த்தார்கள். ஷிராஸ் இந்த உலகத்தில் இல்லை. ச்சா என்றான் ஒருமுறை. யா அல்லா என்றான் ஒருமுறை. எது சந்தோஷம், எது துக்கம் என்று பிரித்தறிய முடியவில்லை. கடைசி ஓவர்கள் நெருங்குகின்றன என்று மட்டும் அவனுடைய மூச்சிலிருந்து தெரிந்தது.

அதற்கு மேல் சீவரத்தினத்தால் தாங்க முடியவில்லை. சுவரோரமாக, கண்ணைப் பொத்திக்கொண்டு, குசினிக்குள் போனார். பிரேமினி இறால் பொரித்துக்கொண்டு நின்றாள்.

"இஞ்சை பார், ஒரு விஷயம். ஒருதருக்கும் சொல்லிப்போடாதை." அவர் குரலைத் தாழ்த்தினார். "ரெண்டு சீட்டிலையும் ஒண்டுதான் எழுதினனான். பார்க்கக்கூடாது எண்டு."

எண்ணெய் சடசடத்தது.

"அப்ப பொம்பிளையளுக்கும் அதுதானே வந்தது. பார்த்தால் எல்லாரும் பார்க்கவேணும். இல்லாட்டி ஒருதரும் பார்க்கக்கூடாது. நியாயத்தைச் சொல்லு."

பிரேமினி ஒரு இறாலை எடுத்து ஊதி அவருடைய வாயில் வைத்தாள். உப்பு எப்படி என்று கேட்டாள். உப்புக் காணும் என்றார்.

"எனக்குத் தெரியும்" என்றாள் அவள்.

"உப்புக் காணும் எண்டோ?"

"ரெண்டு சீட்டும் ஒண்டு எண்டு."

சீவரத்தினத்தின் வாய்க்குள் இறால் அப்படியே நின்றது. சீட்டைப் பிரித்துப் பார்த்தாயா என்று கேட்டார். அவள் சாமிப்படத்துக்குப் பின்னாலிருந்து அதை எடுத்துக் காட்டினாள். சுருட்டியது சுருட்டியபடி இருந்தது.

"பிரிக்க என்னத்துக்கு. நாடகத்திலை மாமியார் மருமகளுக்கு இதைத்தானே செய்தவ. வீடு ஆருக்கு எண்டு சீட்டுப் போடேக்கை, ரெண்டிலையும் ஒண்டை எழுதி."

"நான் நாடகம் பார்க்கிறேல்லை."

"பார்க்கிறேல்லைதான். போன கிழமை வெள்ளிக்கிழமை யன்னலுக்கு வெளியிலை நிண்டு நாம்பனுக்குத் தவிடு கரைச்சனீங்கள். நாடகம் முடியும்வரைக்கும் வாளிச் சத்தம் கேக்கேல்லை."

சீவரத்தினம் இறாலை விழுங்கினார்.

"அதோடை விட்டிட்டீங்கள். திங்கட்கிழமை வயல் கமக்காரர் கூட்டத்துக்குப் போயிட்டீங்கள். அண்டைக்குத்தான் மருமகள் சொன்னவள், ‘மாமி, சீட்டுக் கேட்டது நீங்கள்தானே, முதல் நீங்களே எடுங்கோ’ எண்டு." அவள் இறாலைத் தட்டில் போட்டாள். "நாடகம் பார்த்தால் ஆக்கள் கெட்டுப்போவினம் எண்டு அந்தப் பிள்ளைக்குச் சொன்னனீங்கள். அப்பிடி இல்லை. பாதி பார்த்திட்டு எழும்பிப் போறவைதான் கெட்டுப்போறது."

ஹோலுக்குள் பெண்கள் எல்லோரும் சேர்ந்து ஓவென்று கத்தினார்கள். யாரோ அடித்திருக்க வேண்டும். அல்லது யாருக்கோ முழங்கால் உரஞ்சியிருக்க வேண்டும்.

பிரேமினி தட்டை அவருடைய கையில் வைத்தாள்.

"இதை ஷிராஸ் தம்பிக்குக் கொண்டுபோய்க் குடுங்கோ. கண்ணை மூடிக்கொண்டு போங்கோ. புதன்கிழமை வரைக்கும் சீட்டு இருக்கு."